அத்தியாயம் 6: எடுத்த நிலமும் தாமதமான பணமும்: வட்டியைக் கணக்குப் போட்டு வாங்குவது எப்படி

திருப்பூரில் ஜாப் ஒர்க் செய்யும் யாரிடமும் 45 நாள் கணக்கைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள், மடமடவென்று சொல்வார். நிட்டிங்கோ டையிங்கோ காம்பேக்டிங்கோ, பில் போட்டு 45 நாளுக்குள் பணம் வராவிட்டால் 2006-ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டப்படி ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப்போல் மூன்று மடங்கு வட்டி, அதுவும் மாதாமாதம் கூட்டு வட்டி. 2023-24 கணக்காண்டிலிருந்து வருமான வரிச் சட்டத்திலும் அந்த 45 நாள் வந்து சேர்ந்தபோது ஊரே அதைப் பேசியது. ஆனால் அதே ஆளின் பூர்வீகத் தோட்டத்தில் ஒரு ஏக்கர் சாலைக்கோ, வாய்க்காலுக்கோ, வீட்டு வசதித் திட்டத்துக்கோ போயிருக்கும். பணம் பதினைந்து வருடமாகியும் முழுதாக வந்திருக்காது. அதற்கு வட்டி எவ்வளவு என்று கேட்டால், "கெவர்மென்டு வட்டியெல்லாம் குடுக்குமுங்களா?" என்று நம்மையே திருப்பிக் கேட்பார்.

கொடுக்கும். கொடுத்தே ஆக வேண்டும். முதல் வருடம் 9 சதவீதம், அடுத்த வருடம் முதல் 15 சதவீதம். கூட்டு வட்டி இல்லை, தனி வட்டிதான். ஆனாலும் வழக்கு இழுக்க இழுக்க இந்த வட்டி அசலைத் தாண்டி வளர்ந்துவிடும்.

நிலத்தின் விலையை உயர்த்திக் கேட்பது பற்றிச் சென்ற அத்தியாயத்தில் பார்த்தோம். வட்டிக்குத் தனி அத்தியாயம் ஒதுக்கியதற்குக் காரணம் உண்டு. விலைக்காகப் பத்துப் பன்னிரண்டு வருடம் நீதிமன்றப் படியேறி ஜெயித்தவர்கள், கடைசியில் அலுவலகம் தயாரித்துத் தரும் ஒற்றைப் பக்கக் கணக்குத் தாளில் பல லட்சத்தை விட்டுவிடுகிறார்கள். நீதிபதி எழுதியது ஒன்றாக இருக்கும், தாளில் கூட்டியது வேறாக இருக்கும். யாரும் திருப்பிப் போட்டுப் பார்ப்பதில்லை. இந்த அத்தியாயத்தைப் படித்து முடித்ததும் ஒரு வெள்ளைத் தாளில் உங்கள் கணக்கை நீங்களே போட முடிய வேண்டும் என்பதுதான் என் ஆசை.

வட்டி எந்த உரிமையில் வருகிறது

அரசு நிலத்தைக் கட்டாயமாக எடுக்கும் நாளில் அதன் விலை உங்கள் கையில் இருந்திருக்க வேண்டும். இல்லையென்றால் உங்கள் பணத்தை அரசு வைத்துப் புழங்குகிறது என்று அர்த்தம். 1961-லேயே சத்திந்தர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. நிலத்தை அனுபவிக்கும் உரிமை போன இடத்தில் வட்டி பெறும் உரிமை வந்து நிற்கிறது. சொத்து இன்றைக்கு அடிப்படை உரிமை இல்லைதான். ஆனால் சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக்கூடாது என்று அரசியலமைப்பின் 300ஏ பிரிவு சொல்கிறது. ஆகவே அலுவலக மேசை முன்னால் நின்று வட்டியைச் சலுகையாகக் கேட்காதீர்கள். பிரிவு எண்ணைச் சொல்லிக் கேளுங்கள்.

1894-ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டத்தில் இரண்டு இடத்தில் வட்டி வருகிறது. அரசு நிர்ணயித்த தொகையைச் சுவாதீனம் எடுப்பதற்கு முன் கொடுக்கவோ நீதிமன்றத்தில் கட்டவோ தவறினால் 34-ஆம் பிரிவு. நீதிமன்றம் விலையை உயர்த்தினால் அந்த உயர்ந்த பகுதிக்கு 28-ஆம் பிரிவு. இரண்டிலும் விகிதம் ஒன்றே. 1984-ஆம் ஆண்டுத் திருத்தம்தான் இந்த 9, 15 விகிதங்களைக் கொண்டுவந்தது. ஆறுதல் தொகையை, அதாவது சொலேஷியத்தை, 15-லிருந்து 30 சதவீதமாக்கியதும் அதே திருத்தம். 01.01.2014 முதல் நடப்புக்கு வந்த புதிய சட்டத்தில் (2013-ஆம் ஆண்டின் 30-ஆம் சட்டம்) இதே வட்டிகள் 80, 72 ஆகிய பிரிவுகளில் இருக்கின்றன. ஆறுதல் தொகை மட்டும் 100 சதவீதமாகிவிட்டது. வட்டி ஓடுவது அதற்கும் சேர்த்துத்தான் என்பதால், புதிய சட்டத்தில் அரசு தாமதிக்கும் ஒவ்வொரு நாளும் பழையதைவிடக் கனமானது.

உங்கள் நிலம் எந்தச் சட்டத்தில் போனது

கணக்கைத் தொடங்குமுன் தெரிய வேண்டிய முதல் விஷயம் இது. அவார்டு நகலின் முதல் பக்கத்திலேயே சட்டத்தின் பெயர் இருக்கும். 2014-க்கு முன் அறிவிப்பு வந்திருந்தாலும் 01.01.2014 அன்று அவார்டு போடப்படாமல் இருந்தால், தொகையைப் புதிய சட்டப்படிதான் நிர்ணயிக்க வேண்டும். 24-ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது.

தமிழ்நாட்டில் இன்னொரு சிக்கல் உண்டு. மாநில நெடுஞ்சாலைச் சட்டம், தொழில் நோக்கங்களுக்கான நில எடுப்புச் சட்டம், ஆதிதிராவிடர் நலத் திட்டங்களுக்கான 1978-ஆம் ஆண்டுச் சட்டம் ஆகிய மூன்றும் தனியே இயங்குகின்றன. இவற்றை மத்தியச் சட்டத்தின் பிடியிலிருந்து விலக்கிய 105ஏ பிரிவைச் சென்னை உயர் நீதிமன்றம் 2019 ஜூலையில் செல்லாதென்றது. அதே ஆண்டு சட்டமன்றம் புதுச் சட்டம் போட்டு மூன்றையும் உயிர்ப்பித்தது. 29.06.2021 அன்று மோகன் ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தப் புதுச் சட்டத்தை ஏற்றுக்கொண்டது. ஆகவே சிப்காட்டுக்கோ மாநில நெடுஞ்சாலைக்கோ நிலம் கொடுத்தவர்கள், பக்கத்து ஊரில் வேறு சட்டத்தின்கீழ் வந்த தீர்ப்பை அப்படியே எடுத்துக்கொண்டு போகக்கூடாது. அந்தந்தச் சட்டத்தின் வட்டிப் பிரிவை வழக்கறிஞரிடம் கேட்டுத் தனியாகப் பார்க்க வேண்டும்.

பேச்சுவார்த்தையில் விலை பேசிக் கிரயம் எழுதிக் கொடுத்தவர்களுக்கு இன்னும் எச்சரிக்கை தேவை. சம்மதம் எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டால் உயர்த்திக் கேட்கும் வழி பெரும்பாலும் அடைந்துபோகும், சட்ட வட்டியும் தானாக வராது. பேச்சுவார்த்தைக் குழுவின் முன் உட்காரும்போதே "இன்ன தேதிக்குள் பணம், தவறினால் இத்தனை சதவீதம் வட்டி" என்று ஒரு வரி எழுத்தில் சேர்க்கச் சொல்லுங்கள். சேர்க்க மறுத்தால் அதையே ஒரு மனுவாக எழுதிக் கொடுத்து ஒப்புகை வாங்கி வையுங்கள்.

பழைய கோப்புகளைத் தேடுவோருக்கு ஒரு குறிப்பு. திருப்பூர் மாவட்டம் 22.02.2009 அன்றுதான் உருவானது. அதற்கு முன் அவிநாசி, பல்லடம், உடுமலைப் பக்கம் கோவையில் இருந்தது. தாராபுரமும் காங்கயமும் ஈரோட்டில். எனவே 1990-களில் எடுத்த நிலத்தின் அவார்டு திருப்பூர் ஆட்சியரகத்தில் இல்லை என்ற பதில் வந்தால் தேடலை நிறுத்திவிடாதீர்கள். கோவை, ஈரோடு ஆட்சியரகங்களின் பதிவறைக்கும் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுங்கள். கட்டணம் 10 ரூபாய், பதில் தர வேண்டிய கெடு 30 நாள்.

சுவாதீனத் தேதியும் பணம் கட்டிய தேதியும்

வட்டி தொடங்குவது சுவாதீனம் எடுத்த நாளில். முடிவது பணம் உங்களிடம் வந்த நாளில், அல்லது நீதிமன்றத்தில் கட்டிய நாளில். இந்த இரண்டு தேதியும் எழுத்தில் உங்களிடம் இருந்தால் பாதி வேலை முடிந்தது.

சுவாதீனம் என்றால் பொக்லைன் வந்த நாள் என்றுதான் எல்லாரும் நினைக்கிறோம். சட்டம் வேறு மாதிரிப் பார்க்கிறது. அதிகாரிகள் வந்து பஞ்சநாமா எழுதிக் கையெழுத்து வாங்கினால் சுவாதீனம் எடுத்தாகிவிட்டது என்று 06.03.2020 அன்று இந்தூர் வளர்ச்சி ஆணைய வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னது. அதற்குப் பிறகும் நீங்கள் சோளம் விதைத்திருக்கலாம், தென்னைக்குத் தண்ணீர் கட்டியிருக்கலாம். தாளில் சுவாதீனம் போய்விட்டது. நிலத்தைப் பொறுத்தவரை அது வருத்தம். வட்டியைப் பொறுத்தவரை அதுவே உங்களுக்கு லாபம், ஏனென்றால் முந்தைய தேதியிலிருந்தே ஓடும். எனவே பஞ்சநாமா நகலைக் கேட்டு வாங்குங்கள்.

தலைகீழான நிலையும் இந்தப் பகுதியில் உண்டு. முதலில் சாலையைப் போட்டுவிட்டு, வருடங்கள் கழித்து முறைப்படி அறிவிப்பு வெளியிடுவார்கள். அறிவிப்புக்கு முந்தைய காலத்துக்கு 28, 34-ஆம் பிரிவு வட்டி கிடைக்காது என்று 2004-ல் ஆர்.எல். ஜெயின் வழக்கில் உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. ஆனால் அந்தக் காலத்துக்கு வாடகை அல்லது நஷ்டஈடு கேட்க உங்களுக்கு உரிமை உண்டு என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. இதை யாரும் நினைவுபடுத்த மாட்டார்கள். நீங்கள்தான் மனுவில் தனித் தலைப்பிட்டு எழுத வேண்டும்.

பணம் கட்டிய தேதியில் ஒரு பொறி இருக்கிறது. "அப்போதே டெபாசிட் செய்துவிட்டோம்" என்பார்கள். எங்கே என்று கேளுங்கள். வருவாய்த் துறையின் சொந்தக் கணக்கிலோ கருவூலத்திலோ போட்டு வைத்தது, நீதிமன்றத்தில் கட்டியதாகாது. நீதிமன்றத்தில் கட்ட வேண்டிய கடமையில் தவறியிருந்தால் 34-ஆம் பிரிவு வட்டி கொடுக்கலாம் என்பதை இந்தூர் தீர்ப்பே ஏற்றிருக்கிறது. சலான் எண், தேதி, எந்த நீதிமன்றம், எந்தக் கணக்கு என்ற நான்கையும் எழுத்தில் வாங்குங்கள்.

குடும்பப் பாகத் தகராறு இந்த இடத்தில்தான் பணத்தைக் கரைக்கிறது. அண்ணன் தம்பிகளுக்குள் ஒத்துப்போகவில்லை, அல்லது அக்காவுக்கும் தங்கைக்கும் பங்கு உண்டா என்று சண்டை. அதிகாரி தொகையை நீதிமன்றத்தில் கட்டிவிட்டு ஒதுங்கிக்கொள்வார். அந்த நாளோடு அரசின் வட்டி நின்றுவிடும். நீங்கள் எட்டு வருடம் சண்டை போட்டால் எட்டு வருடமும் 15 சதவீதம் கிடையாது. சண்டை தீரும் வரை தொகையைத் தேசிய வங்கியில் நிரந்தர வைப்பாகப் போட உத்தரவிடுமாறு உடனே மனுச் செய்யுங்கள். அந்த மனுவில் கையெழுத்துப் போடுவதற்காவது குடும்பத்தார் எல்லாரும் ஒன்று சேருங்கள்.

ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்போம்

இது உதாரணத்துக்காக நான் அமைத்த கணக்கு. பழைய சட்டத்தின்கீழ் பல்லடம் பக்கம் ஒரு ஏக்கர், அதாவது 100 சென்ட், போகிறது என்று வைத்துக்கொள்வோம். 4(1) அறிவிப்பு 01.06.2006. அவார்டு 01.06.2008. சுவாதீனம் 01.09.2008. அரசு சென்ட்டுக்கு 10,000 ரூபாய் போட்டு, அந்தத் தொகையைச் சுவாதீனத்துக்கு முன்பே கொடுத்துவிட்டது. நீங்கள் ஆட்சேபத்துடன் வாங்கிக்கொண்டு வழக்குப் போட்டீர்கள். சார்பு நீதிமன்றம் சென்ட்டுக்கு 30,000 என்று உயர்த்தியது.

உயர்வு சென்ட்டுக்கு 20,000, மொத்தம் 20 லட்சம். இதன்மேல் 30 சதவீதம் ஆறுதல் தொகை 6 லட்சம். அறிவிப்புத் தேதியிலிருந்து அவார்டு தேதி வரை, அல்லது சுவாதீனம் முந்தினால் அதுவரை, 23(1ஏ) பிரிவின்படி ஆண்டுக்கு 12 சதவீதம் கூடுதல் உண்டு. இங்கே இரண்டு வருடத்துக்கு 4.80 லட்சம். மூன்றையும் கூட்டினால் 30.80 லட்சம். வட்டி ஓட வேண்டிய அசல் இதுதான். பலர் தவறவிடுவதும் இதைத்தான்.

01.09.2008 முதல் ஒரு வருடத்துக்கு 9 சதவீதம்: 2,77,200 ரூபாய். 01.09.2009 முதல் வருடத்துக்கு 15 சதவீதம்: 4,62,000 ரூபாய். பணம் 01.09.2024 அன்று வருகிறது என்றால் 15 சதவீதத்தில் 15 வருடம்: 69,30,000. வட்டி மொத்தம் 72,07,200. அசலோடு சேர்த்தால் 1,02,87,200 ரூபாய்.

இனி அலுவலகத் தாள் எப்படித் தவறும் என்று பாருங்கள். ஆறுதல் தொகையையும் 12 சதவீதத்தையும் விட்டுவிட்டு 20 லட்சத்துக்கு மட்டும் வட்டி போட்டால் 46.80 லட்சம்தான் வரும். 25 லட்சத்துக்கு மேல் இழப்பு. அசலைச் சரியாக எடுத்துக்கொண்டு, 16 வருடத்துக்கும் 9 சதவீதமே போட்டால் 44,35,200. இது 27 லட்சத்துக்கு மேல் இழப்பு. இரண்டு தவறும் ஒரே தாளில் சேர்ந்து வருவதும் உண்டு.

ஆறுதல் தொகைக்கு வட்டி கிடையாது என்று யாராவது வாதிட்டால் சுந்தர் வழக்கைக் காட்டுங்கள். 19.09.2001 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு, அதற்கும் வட்டி உண்டு என்று தீர்த்துவைத்துவிட்டது. உங்கள் தீர்ப்பு அந்தத் தேதிக்கு முந்தையதாகி, அதில் இதுபற்றி ஒன்றும் எழுதாமல் விட்டிருந்தால் மட்டும், நிலுவையிலுள்ள வசூலில் 19.09.2001 முதல்தான் கேட்க முடியும். 2006-ல் குர்பிரீத் சிங் வழக்கு வைத்த வரம்பு அது.

புதிய சட்டத்தில் இதே 20 லட்சம் உயர்வு என்றால், நகர்ப்புற நிலத்துக்கு ஆறுதல் தொகை 20 லட்சம், ஒரு வருடத்துக்கு 12 சதவீதம் 2.40 லட்சம், ஆக அசல் 42.40 லட்சம். 15 சதவீதத்தில் வருடத்துக்கு 6,36,000 ரூபாய். நாளொன்றுக்கு 1,742 ரூபாய். ஒவ்வொரு வாய்தாவுக்கும் அரசுப் பணம் எவ்வளவு கரைகிறது என்பதை அதிகாரியிடம் இப்படி நாள் கணக்கில் எழுதிக் கொடுத்தால், சில சமயம் கோப்பு நகரும்.

பாதிப் பணம் கட்டும்போது

மேலே உள்ள கணக்கில் 01.09.2020 அன்று அரசு 40 லட்சம் கட்டுகிறது என்று வையுங்கள். அன்று வரை சேர்ந்த வட்டி 53,59,200. அந்த 40 லட்சம் முழுவதும் வட்டிக்கே போக வேண்டும். வட்டியில் 13,59,200 பாக்கி, அசல் 30.80 லட்சம் அப்படியே நிற்கும், 15 சதவீதம் தொடர்ந்து ஓடும். அரசுத் தரப்போ அசலில் முதலில் கழித்துவிட்டு, "அசல் தீர்ந்தது, இனி வட்டி இல்லை, 44 லட்சம்தான் பாக்கி" என்று தாள் போடும். முதலில் வட்டி, பிறகு செலவு, கடைசியில் அசல் என்ற வரிசையைக் குர்பிரீத் சிங் தீர்ப்பு உறுதி செய்திருக்கிறது. இரண்டு நிபந்தனைகள் அதில் உண்டு. கட்டும்போதே இது இன்ன தலைப்புக்கு என்று குறிப்பிட்டு உங்களுக்குத் தெரிவித்திருந்தால் வரிசை மாறலாம். மேல் நீதிமன்றம் பின்னால் மேலும் உயர்த்தினால், முன்பே முடிந்த கட்டத்தின் கணக்கைக் கிளறி மறுபடி கழிக்க முடியாது. ஆகவே பணம் கட்டியதாக நோட்டீஸ் வந்தவுடன் அதில் என்ன தலைப்பு எழுதியிருக்கிறது என்று படியுங்கள். ஒன்றும் எழுதாவிட்டால், "வட்டியில் வரவு வைத்துக்கொள்கிறேன்" என்று அந்த வாரமே மெமோ போடச் சொல்லுங்கள்.

தேசிய நெடுஞ்சாலைக்கு நிலம் கொடுத்தவர்கள்

சேலம்–கோவைச் சாலை, கரூர்–காங்கயம்–பல்லடம் சாலை, திண்டுக்கல்–உடுமலை–பொள்ளாச்சிச் சாலை என்று இந்தப் பகுதியைச் சுற்றி ஓடுவது தேசிய நெடுஞ்சாலைகள். இங்கே 1956-ஆம் ஆண்டின் நெடுஞ்சாலைச் சட்டம் பொருந்தும். உயர்த்திக் கேட்பது நீதிமன்றத்தில் இல்லை, நடுவரிடம். பெரும்பாலும் மாவட்ட ஆட்சியரே நடுவர். நடுவர் உயர்த்தினால் அந்த உயர்வுக்கு 9 சதவீத வட்டி என்று 3எச்(5) பிரிவு சொல்கிறது.

1997-ல் வந்த திருத்தம் நெடுஞ்சாலைக்குப் போன நிலத்துக்கு ஆறுதல் தொகையும் பழைய சட்டத்தின் வட்டியும் இல்லாமல் செய்துவிட்டது. ஒரே ஊரில் வாய்க்காலுக்குக் கொடுத்தவருக்கு 30 சதவீதம், சாலைக்குக் கொடுத்தவருக்கு ஒன்றுமில்லை. இந்த அநியாயத்தை 19.09.2019 அன்று தர்சேம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் நீக்கியது. 1997 முதல் 2015 வரை எடுக்கப்பட்ட நிலங்களுக்கும் ஆறுதல் தொகையும் வட்டியும் உண்டு என்றது. இனி எடுக்கும் நிலத்துக்கு மட்டும் இது பொருந்தட்டும் என்று தேசிய நெடுஞ்சாலை ஆணையம் கேட்டதை 04.02.2025 அன்று அதே நீதிமன்றம் நிராகரித்தது. செங்கப்பள்ளியிலிருந்து வாளையாறு வரை சாலையை அகலப்படுத்திய வேலைக்கு நிலம் கொடுத்தவர்கள் தங்கள் அவார்டை எடுத்துத் தேதியைப் பாருங்கள். வழக்கு நிலுவையில் இருக்கிறதா, முடிந்துவிட்டதா என்பதைப் பொறுத்து வழி மாறும். அவார்டையும் வழக்கு எண்ணையும் எடுத்துக்கொண்டு வழக்கறிஞரிடம் போங்கள்.

நடுவர் தீர்ப்பு போதாது என்றால் மூன்று மாதத்துக்குள் மாவட்ட நீதிமன்றம் போக வேண்டும். தக்க காரணம் இருந்தால் மேலும் 30 நாள், அதற்குமேல் ஒரு நாள்கூட இல்லை. அங்கே தொகையை நீதிபதியே உயர்த்தி எழுத முடியாது என்று 2021-ல் ஹக்கீம் வழக்கில் தீர்ப்பானது. அது நம் தமிழ்நாட்டு நெடுஞ்சாலை நிலங்கள் சம்பந்தப்பட்ட வழக்குதான். 30.04.2025 அன்று காயத்ரி பாலசாமி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அந்தக் கதவைச் சற்றே திறந்தது. கூட்டல் கழித்தல் பிழைகளையும், தீர்ப்புக்குப் பிந்தைய வட்டியையும் நீதிமன்றம் திருத்தலாம். வட்டியில் தவறு நேர்ந்தவர்களுக்கு இது பெரிய உதவி.

தறிக்கூடமும் குத்தகைதாரரும்

பல்லடம், மங்கலம், சோமனூர்ப் பக்கம் நிலம் என்றால் வெறும் மண் அல்ல. அதன்மேல் விசைத்தறிக் கூடம் இருக்கும், கோழிப் பண்ணை இருக்கும், கிணறும் தென்னையும் இருக்கும். இவற்றின் மதிப்பு நிலத்தோடு சேர்ந்த இழப்பீடுதான், வட்டியும் அதற்கு ஓடும். தொழிலை வேறு இடத்துக்கு மாற்ற நேரும் நியாயமான செலவையும் பழைய சட்டத்தின் 23-ஆம் பிரிவு, புதியதின் 28-ஆம் பிரிவு இரண்டும் ஏற்கின்றன. தறியைக் கழற்றி, ஏற்றி, புது இடத்தில் அடித்தளம் போட்டு, மின் இணைப்பு மாற்றிய ரசீது ஒவ்வொன்றையும் சேர்த்து வையுங்கள். கூடம் வாடகைக்கு எடுத்துத் தறி ஓட்டியவரும் சட்டப்படி அக்கறையுள்ள நபர்தான். விசாரணை நோட்டீஸ் வரும்போது அவரும் தன் பெயரில் கோரிக்கை கொடுக்க வேண்டும். நில உரிமையாளர் கேட்டுக்கொள்வார் என்று விட்டால் பின்னால் ஒன்றும் கிடைக்காது.

முதலில் வரும் தொகையை வாங்கும்போது "ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதிக் கையெழுத்திடுவதை மறக்காதீர்கள். அந்த வரி இல்லாமல் வாங்கினால் உயர்த்திக் கேட்கும் உரிமை போய்விடும், அதோடு அந்த உயர்வின் வட்டியும் போய்விடும். அவார்டு போடும்போது நேரில் இருந்தால் ஆறு வாரத்துக்குள் மனுக் கொடுக்க வேண்டும். நேரில் இல்லையென்றால் நோட்டீஸ் கிடைத்து ஆறு வாரம், அல்லது அவார்டு தேதியிலிருந்து ஆறு மாதம், இதில் எது முந்துகிறதோ அது.

இதையெல்லாம் தவறவிட்டவர்களுக்கும் ஒரு வாசல் இருக்கிறது. அதே அறிவிப்பில் நிலம் போன பக்கத்துத் தோட்டத்துக்காரர் வழக்கில் ஜெயித்தால், அந்தத் தீர்ப்புத் தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள் நீங்களும் அதே விலை கேட்டு அதிகாரியிடம் மனுக் கொடுக்கலாம். பழைய சட்டத்தில் 28ஏ, புதியதில் 73-ஆம் பிரிவு. நகல் வாங்க ஆன நாட்கள் கெடுவில் கழியும். அந்த உயர்வுக்கும் வட்டி உண்டு. ஊரில் யார் வழக்குப் போட்டிருக்கிறார், எந்த நிலையில் இருக்கிறது என்று விசாரித்துக்கொண்டே இருங்கள். ஜெயித்தவர்களும் பக்கத்து நிலத்துக்காரர்களுக்கு ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள், அதனால் உங்களுக்கு ஒரு பைசா குறையாது.

வரி

ஊரில் ஆளுக்கொரு ஆடிட்டர் இருக்கிறார், ஆனாலும் பணம் வந்த பிறகுதான் அவரிடம் போகிறோம். முன்பே போக வேண்டும். புதிய சட்டத்தின்கீழ் வரும் இழப்பீட்டுக்கு 96-ஆம் பிரிவு வருமான வரி விலக்குத் தருகிறது. வட்டி வேறு கணக்கு. 2009-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின், எத்தனை வருடத்து வட்டியானாலும் கைக்கு வந்த வருடத்தின் வருமானமாகத்தான் எடுத்துக்கொள்வார்கள், அதில் பாதியைக் கழித்து மீதிப் பாதிக்கு வரி. நம் உதாரணத்தில் 72,07,200 ரூபாயில் 36,03,600-க்கு வரி வரும். பான் எண் கொடுக்காவிட்டால் 20 சதவீதம் பிடித்துவிடுவார்கள். இழப்பீடு எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று பிரித்துக் காட்டும் சான்றை அலுவலகத்திலேயே வாங்கிக்கொள்ளுங்கள். பிரிக்காத மொத்தத் தொகை வங்கிக்கு வந்தால் பின்னால் விளக்கம் சொல்லிக்கொண்டே இருக்க நேரும்.

வசூல்

தீர்ப்பு வந்துவிட்டால் பணம் வந்துவிடாது. கோவை பாரதியார் பல்கலைக்கழகத்துக்கு நிலம் கொடுத்த குடும்பங்கள் உயர்த்திய தொகைக்காகப் பல பத்தாண்டுகள் அலைந்ததை இந்தப் பக்கத்தார் அறிவார்கள். பெங்களூரு–மைசூரு சாலைத் திட்டத்துக்கு 2003-ல் அறிவிப்பு வந்த நிலத்துக்கு 2019-ல்தான் அவார்டு போட்டார்கள். அதைக் கண்ட உச்ச நீதிமன்றம் 02.01.2025 அன்று, 2003-ஆம் ஆண்டு விலையைத் தள்ளிவிட்டு 22.04.2019 தேதியின் சந்தை விலையைக் கொடுக்கச் சொன்னது. தனது சிறப்பு அதிகாரத்தைப் பயன்படுத்தித் தந்த நிவாரணம் அது. எல்லாருக்கும் அப்படிக் கிடைத்துவிடாது. சாதாரண வழி நிறைவேற்று மனுதான்.

அரசுக்கு எதிரான தீர்ப்பு மூன்று மாதம் நிறைவேறாமல் இருந்த பிறகே வசூலுக்குப் போகலாம். பிறகும் கட்டாவிட்டால் ஜப்தி. ஆட்சியரின் ஜீப்பையும் கோட்டாட்சியர் அலுவலக நாற்காலி, கணினிகளையும் எடுக்க அமீனா வந்து நிற்கும் செய்தி தமிழ்நாட்டுப் பத்திரிகைகளில் அடிக்கடி வருகிறதே, அதில் பெரும்பகுதி இந்த வழக்குகள்தான். ஜப்தியன்று அவகாசம் கேட்டு ஒரு பகுதியைக் கட்டுவார்கள். அந்தப் பகுதித் தொகையை எதில் வரவு வைப்பது என்பதுதான் மேலே சொன்ன வட்டி, செலவு, அசல் வரிசை.

மக்கள் நீதிமன்றத்தில் சமரசத்துக்கு அழைக்கும்போது, வட்டியில் ஒரு பகுதியை விட்டுக்கொடுத்தால் பணம் சீக்கிரம் வரும் என்பார்கள். வயதானவர்கள், மருத்துவச் செலவில் இருப்பவர்கள் விட்டுக்கொடுப்பதில் தவறே இல்லை. ஆனால் எவ்வளவை விடுகிறோம் என்று தாளில் போட்டுப் பார்த்துவிட்டுக் கையெழுத்திடுங்கள், பணம் வரும் தேதியையும் எழுதச் சொல்லுங்கள். அந்த உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது. வழக்கறிஞர் கட்டணத்தை வரும் பணத்தில் இத்தனை சதவீதம் என்று பேசுவது பார் கவுன்சில் விதிப்படி கூடாது. கட்டணத்தை ரூபாயில் பேசி ரசீது வாங்குங்கள், வெற்றுக் காசோலை யாருக்கும் கொடுக்காதீர்கள், தொகை நேராக உங்கள் வங்கிக் கணக்குக்கே வர வேண்டும் என்று மனுவில் எழுதச் சொல்லுங்கள். வழக்கு நடத்த வசதியில்லாதவர்களுக்கு மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞர் தரும். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் இதற்கு வருமான வரம்பும் கிடையாது.

நிறைவேற்று மனுவுக்குக் கெடு 12 வருடம். அது கடந்துவிட்டால் தீர்ப்பை வைத்து வசூலிக்க முடியாது. அப்பா காலத்துத் தீர்ப்பு நகல் வீட்டில் இருந்தால் இன்றைக்கே எடுத்துத் தேதியைப் பாருங்கள். பத்து வருடம் தாண்டியிருந்தால் வாரிசுச் சான்றையும் எடுத்துக்கொண்டு இந்த வாரமே வழக்கறிஞரிடம் போய்விடுங்கள்.